கிழக்கே திருப்பி வைத்த ரேடியோ

எங்கள் ரேடியோவை ஜன்னலைப் பார்த்து வைத்தால் பாட்டு வரும். சமையலறையைப் பார்த்து வைத்தால் யாரோ இரண்டு பேர் ஸ்பானிஷ் மொழியில் சண்டை போடுவார்கள். கிழக்கே திருப்பி, அடியில் ஒரு பழைய தீப்பெட்டியைக் கொடுத்துச் சற்றே சாய்த்து வைத்தால்தான் கூடைப்பந்து ஆட்டம் வரும். முள்ளை நகர்த்தவே வேண்டாம். ஒரே இடத்தில் மூன்று நிலையங்கள் நெருக்கியடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தன. நாம் எந்தப் பக்கம் முகத்தைக் காட்டுகிறோமோ அவர்கள்தான் பேசுவார்கள்.

இப்போது நான் டெக்சாஸில் இருக்கிறேன். கிடங்கில் வேலை முடிந்து காரில் உட்காரும்போது முதுகு வேறு யாருடையதோ போல இருக்கும். வீட்டுக்கு ஐம்பது நிமிடம். உள்ளூர் அணி ஆடுகிற நாட்களில் கார் ரேடியோவில் ஆட்டத்தைக் கேட்டுக்கொண்டே போவேன். என் மகள் போனில் எதையோ இறக்கிக் கொடுத்தாள். அதில் உலகத்தில் உள்ள எல்லா அணிகளும் வருகின்றன, நம் ஊர் அணி மட்டும் வருவதில்லை. உள்ளூர்க்காரர்கள் அதில் கேட்கக்கூடாதாம், ஏதோ ஒப்பந்தமாம். காரில் உள்ள ரேடியோவுக்கு அந்த ஒப்பந்தம் தெரியாது. திருகினால் பேசுகிறது.

நான் சொல்ல வந்தது ஜெர்சி சிட்டியில் நாங்கள் இருந்த இரண்டாவது குளிர்காலத்தைப் பற்றி. எனக்குப் பதினொரு வயது. சென்னையில் ஐந்தாம் வகுப்பு முடித்த கையோடு கூட்டிக்கொண்டு வந்துவிட்டார்கள். தமிழில் நான் பள்ளிக்கூடம் போய்ப் படித்தது அவ்வளவுதான். அதை வைத்துத்தான் இதையும் எழுதுகிறேன். மூன்றாம் மாடியில் ஒரு படுக்கையறை வீடு. அப்பாவுக்கு ஆற்றுக்கு அந்தப் பக்கம், மன்ஹாட்டனில், ஒரு வங்கியில் கம்ப்யூட்டர் வேலை. ஆறு மாத ஒப்பந்தம். முடிந்தால் இன்னும் ஆறு மாதம் நீட்டுவார்கள். நீட்டாவிட்டால் விசாவும் அதோடு போகும், நாங்கள் பெட்டி கட்ட வேண்டும். இது எனக்கே தெரிந்திருந்தது. வீட்டில் எதை வாங்கலாம் என்று பேசினாலும் அம்மா, "மொதல்ல எக்ஸ்டென்ஷன் வரட்டும்" என்பாள். எனக்கு ஷூ வாங்குவது முதல் சுவரில் ஆணி அடிப்பது வரை எல்லாம் எக்ஸ்டென்ஷனுக்காகக் காத்திருந்தன.

அந்த இலையுதிர் காலத்தில் மேனேஜர் அப்பாவைக் கூப்பிட்டு, வேலை நன்றாக இருக்கிறது, ஆனால் நீ யாரோடும் கலந்து பேசுவதில்லையே என்று சொல்லியிருக்கிறார். அப்பா அதை ஒரு வாரம் மனதில் போட்டு உருட்டினார். அவருக்கு ஆங்கிலம் தெரியும். அப்பா எழுதுகிற ஆங்கிலத்தில் பிழை கண்டுபிடிக்க முடியாது. ஆனால் காலையில் காபி மெஷினைச் சுற்றி நின்று அவர்கள் பேசுவது முழுக்க முந்தின நாள் கூடைப்பந்து ஆட்டத்தைப் பற்றி. அப்பா கோப்பையைக் கையில் வைத்துக்கொண்டு, எல்லோரும் சிரிக்கும்போது ஒரு நொடி தாமதமாகச் சிரித்துவிட்டு வருவார்.

வேறு யாராவது என்றால் என்ன செய்திருப்பார்களோ, தெரியாது. எங்கள் அப்பா அதை ஒரு பாடமாக எடுத்துக்கொண்டார். நூலகத்திலிருந்து கூடைப்பந்து பற்றிக் குழந்தைகள் புத்தகம் ஒன்றை எடுத்து வந்தார். கோடு போட்ட நோட்டில் ஸ்கேல் வைத்து மைதானத்தை வரைந்தார். எத்தனை பேர் ஆடுவார்கள், எங்கிருந்து போட்டால் எத்தனை புள்ளி என்று மனப்பாடம் செய்து, என்னைக் கேள்வி கேட்கச் சொன்னார். மற்ற வீடுகளில் பிள்ளைகளுக்கு அப்பா பரீட்சை வைப்பார். எங்கள் வீட்டில் கொஞ்ச நாள் அது தலைகீழாக நடந்தது.

டிவியில் ஆட்டம் பார்க்க கேபிள் வேண்டும். கேபிள் எக்ஸ்டென்ஷனுக்குப் பிறகு. ஆகவே ரேடியோ. ஆனால் ரேடியோக்காரர் பேசுகிற வேகத்துக்கு அப்பாவின் காது ஈடுகொடுக்கவில்லை. பள்ளிக்கூடத்து மைதானத்தில் ஒன்றரை வருடம் வசவு வாங்கியிருந்த என் காதுக்கு அது ஒரு பொருட்டாக இல்லை. ரேடியோக்காரர் ஆங்கிலத்தில் கத்த, நான் தமிழில் சொல்ல, அப்பா பென்சிலால் குறித்துக்கொள்வார்.

"இப்ப என்னடா சொன்னான்?"

"பந்து நம்மகிட்ட வந்துருச்சுப்பா."

"அதுக்கா இவ்ளோ கத்தறான்?"

முடிந்ததும் அப்பா மூன்று விஷயங்களைத் தேர்ந்தெடுப்பார். "மூணு போதும். அதுக்கு மேல பேசினா அவங்க கேள்வி கேப்பாங்க." மறுநாள் காலை கண்ணாடி முன்னால் சவரம் செய்துகொண்டே அந்த மூன்றையும் சொல்லிப் பார்ப்பார். "வாட் அ ஃபினிஷ்!" என்பதை நான்கு விதமாகச் சொல்வார். நாம் தோற்றிருந்தால் தலையை ஆட்டி ஒரு பெருமூச்சு விட வேண்டும். அந்தப் பெருமூச்சையும் பயிற்சி செய்தார். சோப்பு நுரையோடு அவர் பெருமூச்சு விடுவதைக் கதவருகே நின்று பார்த்துக்கொண்டிருப்பேன்.

அம்மாவுக்கு ஒரே மனக்குறை மிக்ஸி. அது ஓடினால் ரேடியோவில் கொரகொரவென்று இரைச்சல் மட்டும்தான் கேட்கும். அதனால் ஆட்டம் நடக்கிற நாட்களில் மிக்ஸி போடக்கூடாது என்று அப்பா சட்டம் போட்டிருந்தார். தோசைக்குச் சட்னி கிடையாது, பொடிதான்.

"பந்தாடறது அவனுங்க, சட்னி இல்லாம முழுங்கறது நாமளா?" என்பாள் அம்மா. "ஆபீஸ்ல வேலையும் பாக்கறீங்களா, இல்ல இதானா?"

"மார்ச்சு வரைக்கும் பொறுத்துக்கோ" என்பார் அப்பா.

ஒரு நாள் காபி மெஷின் பக்கத்தில் அப்பா தன் மூன்றில் ஒன்றைச் சொன்னபோது, ஒருவர் தோளில் தட்டி, சரியாகச் சொன்னாய் என்றாராம். அன்றைக்கு வீடு திரும்பிய அப்பா படியேறும் சத்தமே வேறு மாதிரி இருந்தது. அந்தத் தோள்தட்டலை அம்மாவுக்கு இரண்டு முறை சொன்னார். இரண்டாம் முறை என் தோளில் தட்டிக் காண்பித்தார்.

பொங்கலுக்குப் பிறகு எல்லாம் கொஞ்சம் தளர்ந்துபோனது. அப்பா சீக்கிரமே படுத்துவிட ஆரம்பித்தார். ஆபீஸில் வேலை அதிகம், அசதியாக இருக்கிறது என்றார். "நீயே கேட்டு எழுதி வச்சிரு கண்ணா. காலைல எடுத்துக்கறேன்." நான் ஒரு தாளில் தமிழில் எழுதி, மேசைமேல் வைப்பேன். காலையில் அவர் அதை மடித்துக் கோட்டுப் பையில் போட்டுக்கொண்டு கிளம்புவார். கண்ணாடி முன்னால் சொல்லிப் பார்ப்பதில்லை. நன்றாகப் பழகிவிட்டது, இனிப் பயிற்சி தேவையில்லை என்று நான் நினைத்துக்கொண்டேன். அம்மா ஆட்டம் நடக்கும்போதே மிக்ஸியைப் போட்டாள். அப்பா ஒன்றும் சொல்லவில்லை. நான்தான் கத்தினேன்.

இந்த இடத்தில் பெட்ரோல் பங்க் அங்கிளைப் பற்றிச் சொல்ல வேண்டும். நியூ ஜெர்சியில் நம் காருக்கு நாமே பெட்ரோல் போட்டுக்கொள்ளக் கூடாது, அதற்கென்று ஆள் உண்டு. என் பள்ளிக்கூடத்துக்கும் வீட்டுக்கும் நடுவில் இருந்த பங்க்கில் அந்த ஆள் ஒரு தமிழர். திருச்சிப் பக்கம். பொறியியல் படித்தவர், ஏதோ காகிதம் சரியாக வராததால் இங்கே நிற்கிறேன் என்பார். ஒரு சின்னக் கண்ணாடி அறை, அதற்குள் ஒரு ஹீட்டர், ஒரு ரேடியோ, இரண்டு ஸ்டூல். எந்தத் தேதியில் யாரோடு ஆட்டம் என்று அச்சடித்த சின்ன அட்டையை எனக்குக் கொடுத்தவர் அவர்தான். என்னைப் பார்த்தால், "வாங்க கமென்ட்ரி சார்" என்பார். எனக்குக் கூச்சமாக இருக்கும். ஆனாலும் அந்த வழியாகத்தான் போவேன்.

பிப்ரவரியில் ஒரு செவ்வாய்க்கிழமை. அட்டைப்படி அன்று சாயங்காலம் ஏழரைக்கு ஆட்டம். பள்ளிக்கூடத்திலிருந்து வந்த நான் செய்யக்கூடாத ஒன்றைச் செய்தேன். பாட்டுக் கேட்பதற்காக ரேடியோ முள்ளை நகர்த்தினேன். முள் நிற்க வேண்டிய இடத்தில் அப்பா அம்மாவின் நகப்பூச்சால் ஒரு சிவப்புப் புள்ளி வைத்திருந்தார். திரும்ப அங்கே கொண்டுவந்துவிடலாம் என்று நினைத்தேன். ஆனால் புள்ளி மிளகு அளவு. அதற்குள் எந்த ஓரத்தில் முள் நின்றிருந்தது என்று யாருக்குத் தெரியும்?

எட்டு மணிக்கு மேல், வீட்டுப்பாடத்தை முடித்துவிட்டு ரேடியோவைக் கிழக்கே திருப்பி, தீப்பெட்டியை அடியில் கொடுத்து உட்கார்ந்தேன். ஆட்டம் வரவில்லை. ஒரு ஆள் போனில் கூப்பிடுகிறவர்களோடு பேசிக்கொண்டிருந்தான். கூப்பிட்டவன் எரிச்சலாக ஏதோ கேட்டான், ஆட்டத்தைத் தேடும் அவசரத்தில் நான் அதைக் காதில் வாங்கவில்லை. பேசுகிற ஆள் சிரித்தான். முள்ளை மயிரிழை இந்தப் பக்கம் நகர்த்தினால் இரைச்சல், அந்தப் பக்கம் நகர்த்தினால் ஸ்பானிஷ் சண்டை. மறுபடியும் அதே ஆள், அதே போன். ஒன்பது மணி வரை ரேடியோவைத் தூக்கிக்கொண்டு வீடு முழுக்க நடந்தேன். அப்பா படுத்துவிட்டிருந்தார். அம்மா துணி மடித்துக்கொண்டிருந்தாள்.

"என்னடா, கொழந்தைய தூக்கிட்டு அலையற மாதிரி அலையற?"

"ஒண்ணுமில்லம்மா."

நான் முள்ளைத் தொட்டதால்தான் ஆட்டம் போய்விட்டது. அதைச் சொன்னால் அப்பா திட்ட மாட்டார், அவர் திட்டுகிறவர் இல்லை. ஆனால் காலையில் கையில் தாள் இல்லாமல் காபி மெஷின் பக்கத்தில் நிற்பார். எக்ஸ்டென்ஷனுக்கு இன்னும் ஒரு மாதம்தான் இருந்தது. நான் தாளை எடுத்து, கேட்காத ஆட்டத்தை எழுத ஆரம்பித்தேன்.

முதலில் பயமாக இருந்தது, பிறகு கை தானாகவே ஓடியது. முதல் பாதியில் நாம் பின்தங்கியிருந்தோம், ஆரம்பத்திலேயே ஜெயிப்பது நம்பும்படியாக இருக்காது. எங்கள் அணியில் ஒருவன் இருந்தான். சீசன் முழுக்க ஓரத்தில் துண்டைப் போர்த்திக்கொண்டு உட்கார்ந்திருப்பவன். ரேடியோக்காரர் அவன் பெயரை மாதத்துக்கு ஒருமுறை, அதுவும் தும்மல் போலச் சொல்வார். அவன்மேல் எனக்கு ஏனோ ஒரு பிரியம். என் ஆட்டத்தில், கடைசி இரண்டு நிமிடத்தில் மற்றவர்களுக்கு அடிபட்டு, வேறு வழியில்லாமல் அவனை இறக்குகிறார்கள். கடைசி நொடியில் அவன் கையில் பந்து. ஒரு புள்ளியில் ஜெயித்தோம். மூன்று விஷயம் போதும் என்று தெரிந்தும் ஐந்து எழுதினேன்.

காலையில் அப்பா தாளை மடித்துக் கோட்டில் வைத்துக்கொண்டு போனார்.

அன்று மதியம் பள்ளிக்கூடம் விட்டு வரும்போது பங்க் அங்கிள் தூரத்திலிருந்தே கையை ஆட்டினார்.

"வாங்க கமென்ட்ரி சார்! நேத்து மேட்ச் பிரமாதமாமே? ஓரத்துல உக்காந்திருந்தவன் வந்து கடைசி செகண்ட்ல போட்டானாமே?"

ஒரு கணம், நான் எழுதியது அப்படியே நடந்திருக்கிறது என்று நம்பிவிட்டேன். சந்தோஷத்தில் தலையாட்டினேன்.

அங்கிள் பெட்ரோல் குழாயைக் கையில் பிடித்துக்கொண்டே சிரிக்க ஆரம்பித்தார். இருமல் வரும்வரை சிரித்தார். "அடப்பாவி! மேட்சே நடக்கலடா. எதிர் டீம் ஊர்ல ஒரே ஸ்னோ. அவனுங்க ஃப்ளைட்டே கிளம்பல. நீ எந்த ரேடியோடா கேட்ட? எமன் ரேடியோவா?"

போனில் பேசிக்கொண்டிருந்த ஆள் சரியான நிலையத்து ஆள்தான் என்பது எனக்கு அப்போதுதான் விளங்கியது. ஆட்டம் ஏன் இல்லை என்றுதான் எல்லோரும் கூப்பிட்டுக் கேட்டிருக்கிறார்கள். என் காது நுனி சுட்டது.

"அங்கிள்... அப்பா ஆபீஸ்ல சொல்லிருப்பாரே."

அவர் சிரிப்பு நின்றது. என்னைப் பார்த்தார், பிறகு கண்ணாடி அறையைப் பார்த்தார், பிறகு குழாயை அதன் இடத்தில் மாட்டினார்.

"அதெல்லாம் ஒண்ணும் ஆகாதுப்பா" என்றார். கேலி செய்கிற குரல் போய்விட்டிருந்தது. "உங்கப்பா சமாளிச்சிப்பாரு. குளிருது பாரு, வீட்டுக்குப் போ."

நான் வீட்டுக்குப் போய் ஜன்னலருகே உட்கார்ந்தேன். பால் குடிக்கவில்லை. காபி மெஷின் பக்கத்தில் அப்பா நிற்பதும், "வாட் அ ஃபினிஷ்!" என்று சொல்வதும், எல்லோரும் ஒருவரையொருவர் பார்த்துக்கொள்வதும் திரும்பத் திரும்ப வந்தன. மேனேஜர் அறைக்கதவு திறக்கிறது. அம்மா பெட்டிகளைக் கட்டிலுக்கு அடியிலிருந்து இழுக்கிறாள். என்னால்தான். ஒரு பாட்டுக்காக.

ஏழு மணிக்கு அப்பா வந்தார். ஷூவைக் கழற்றி ஓரமாக வைத்தார். கோட்டை மாட்டினார். முகத்தில் ஒன்றும் தெரியவில்லை, களைப்பைத் தவிர. சாப்பிட உட்கார்ந்தபோது என்னால் அடக்க முடியவில்லை.

"மேட்ச் விஷயம் ஆபீஸ்ல சொன்னீங்களாப்பா?"

அப்பா ரசம் சாதத்தைப் பிசைந்துகொண்டிருந்தார். "சொன்னேன்டா."

"என்ன சொன்னாங்க?"

"எல்லாரும் நின்னு கேட்டாங்க. அந்த ஓரத்துல உக்காந்திருந்தவன் கதையச் சொன்னேன் பாரு, கையே தட்டிட்டாங்க. மேனேஜர்கூட ரூமை விட்டு வந்து கேட்டாரு." ஒரு வாய் சாப்பிட்டார். "நல்லா எழுதறடா நீ."

அம்மா ரசக் கரண்டியைப் பாத்திரத்தின் மேலேயே பிடித்துக்கொண்டு நின்றாள். பிறகு அப்பாவுக்கு இன்னொரு கரண்டி ஊற்றினாள். அவர் கேட்கவில்லை.

எனக்கு முதலில் உயிர் வந்தது. பிறகு குழப்பம். நடக்காத ஆட்டத்துக்கு ஒரு ஆபீஸே எப்படிக் கைதட்டும்? நெடுநேரம் யோசித்து ஒரு முடிவுக்கு வந்தேன். அவர்களும் அப்பாவைப் போலத்தான். யாருக்கும் ஆட்டம் தெரியாது. எல்லோரும் காபியைக் கையில் வைத்துக்கொண்டு, தெரிந்தது போலத் தலையாட்டுகிறார்கள். பதினொரு வயதில் இது எனக்கு மிகவும் நியாயமான விளக்கமாகத் தோன்றியது.

மார்ச்சில் எக்ஸ்டென்ஷன் வரவில்லை. ஆனால் டெக்சாஸில் வேறு வேலை கிடைத்து, நாங்கள் இங்கே வந்தோம். அதன் பிறகு அப்பா ஆட்டம் கேட்கவே இல்லை. கேட்கச் சொல்லவும் இல்லை.

அப்பா போய் மூன்று வருடம் ஆகிறது. சென்ற குளிர்காலத்தில் அம்மாவைக் கண் டாக்டரிடம் கூட்டிப்போய்விட்டுத் திரும்பிக்கொண்டிருந்தேன். ஃப்ரீவேயில் வண்டிகள் நகரவில்லை. ரேடியோவில் உள்ளூர் அணியின் பகல் ஆட்டம் ஓடிக்கொண்டிருந்தது. அம்மா கண்ணில் மருந்து போட்டிருந்ததால் மூடிக்கொண்டே உட்கார்ந்திருந்தாள்.

"இந்தச் சத்தம் கேட்டா எனக்குப் பெட்ரோல் வாசனைதான் வருது" என்றாள்.

"ஏம்மா?"

"உங்கப்பா கோட்டுல. பொங்கலுக்கு முன்னாடியே அந்த வேலை போச்சே, தெரியாதா உனக்கு? தினம் டிபன் பாக்ஸ எடுத்துட்டுக் கெளம்பி, அந்த பங்க்காரர் ரூம்ல ஹீட்டர்கிட்ட உக்காந்திருப்பாரு. நீ வர்ற நேரத்துக்கு எந்திரிச்சி லைப்ரரிக்குப் போயிடுவாரு. அங்க உக்காந்துதான் எல்லா எடத்துக்கும் அப்ளை பண்ணுனாரு."

"உனக்குச் சொன்னாராம்மா?"

"சொன்னாத்தானே. கோட்டுல பெட்ரோல் வாசன வந்தா அது எந்த ஆபீசு? பங்க்காரரக் கேட்டேன், சொல்லிட்டாரு. எனக்குத் தெரியும்னு அவருக்குக் கடைசி வரைக்கும் தெரியாது. தெரிஞ்சிருந்தா மறுநாளே வீட்ல சுருண்டு படுத்திருப்பாரு." கண்ணைத் திறக்காமலே, "வண்டி நகருதா?" என்று கேட்டாள்.

நகரவில்லை. நான் ஸ்டியரிங்கைப் பிடித்துக்கொண்டு அந்தப் புதன்கிழமையை நினைத்துப் பார்த்தேன். ஓரத்தில் உட்கார்ந்திருந்தவன் கதை அந்தத் தாளில் மட்டுமே இருந்தது. தாள் அப்பாவின் கோட்டில் இருந்தது. பிறகு பங்க் அங்கிளுக்கு அது எப்படித் தெரிந்தது என்று நான் முப்பது வருடமாகக் கேட்டுக்கொள்ளவே இல்லை. காலையில் ஸ்டூலில் உட்கார்ந்து அப்பா அதைப் படித்துக் காட்டியிருக்க வேண்டும். பக்கத்திலேயே ரேடியோ இருந்தது. ஆட்டம் நடக்கவில்லை என்பது அப்பாவுக்கு என்னைவிட ஆறு மணி நேரம் முன்னாலேயே தெரியும்.

அந்தப் புதன்கிழமைக்கு இரண்டு நாள் கழித்து அடுத்த ஆட்டம் உண்மையாகவே நடந்தது. முள்ளை நான் தொடவில்லை. தெளிவாகக் கேட்டது. நம் அணி இருபத்தாறு புள்ளி வித்தியாசத்தில் தோற்றது. ரேடியோக்காரருக்கே தொண்டை கம்மிவிட்டது. நான் தாளில் இருபத்தாறு என்று எழுதிவிட்டு அதைப் பார்த்துக்கொண்டிருந்தேன். ரசம் ஊற்றிச் சாப்பிடும்போது, கைதட்டினார்கள் என்று சொன்னபோது, அப்பாவின் முகம் இருந்த விதம் ஞாபகம் வந்தது. இருபத்தாறை அடித்து மூன்று என்று போட்டேன். பிறகு அதையும் அடித்துவிட்டு, ஜெயித்ததாகவே எழுதினேன். நடக்காத ஆட்டத்துக்கே கைதட்டியவர்கள், இதற்கா கோபித்துக்கொள்ளப் போகிறார்கள்?

தாளை நானே மடித்து அவர் கோட்டின் மேல்பைக்குள் வைத்தேன். காலையில் ஆபீஸுக்குள் நுழைந்ததும் முதலில் அதுதான் அவர் கைக்கு அகப்பட வேண்டும் என்பது என் கவலை.